கல்லுப்பட்டிக்குப் போன கருப்பையா

அன்பும் குறும்பும் குறையாத சேதுமாணிக்கம் அண்ணனுக்கு,

நீங்கள் போன பிறகு நடந்ததை எல்லாம் யாரிடம் சொல்வது என்று யோசித்துப் பார்த்தேன். சொன்னால் சிரிக்கக்கூடிய ஒரே ஆள் நீங்கள்தான். அதனால் உங்களுக்கே எழுதுகிறேன். இதை அச்சில் போடுவதாகச் சொல்லியிருக்கிறார்கள். நாலு பேர் எட்டிப் பார்த்தால் பார்த்துவிட்டுப் போகட்டும். சினிமாவிலும் சின்னத்திரையிலும் எத்தனையோ தடவை உங்களுக்கு மனைவியாக நடித்தவள் நான். 'கட்' சொன்ன மறு நொடியே, "அண்ணே, டீ ஆறுது" என்று கூப்பிட்டவளும் நான்தான். இது இரண்டும் எப்படி ஒரே வாயில் வரும் என்று கேட்பவர்களுக்கு நம் பிழைப்பைப் பற்றி ஒன்றும் தெரியாது.

முதலில் போஸ்டர் கதையைச் சொல்கிறேன். உங்கள் மகன் அவசரத்தில் கைபேசியில் கிடைத்த படத்தை எடுத்துக் கொடுத்துவிட்டான். பட்டுச் சட்டை, மை அடித்த மீசை, நம் தொடரில் கருப்பையாவாக நீங்கள் விறைப்பாக நிற்கும் படம். அதற்குக் கீழே 'கண்ணீர் அஞ்சலி' என்று போட்டு, பழங்காநத்தம் முழுக்க ஒட்டிவிட்டார்கள். நான் ஆட்டோவை விட்டு இறங்கும்போது டீக்கடையில் ஒருவர் சொல்லிக்கொண்டிருந்தார்: "கருப்பையாவப் போட்டுத் தள்ளிட்டாய்ங்கப்பா. சீரியல்ல ஒரு ஆளு சாகுறதுக்கெல்லாம் போஸ்டர் ஒட்டி வெளம்பரம் பண்றாய்ங்க பாரு!" பக்கத்தில் இருந்தவர் உண்மையாகவே கவலைப்பட்டார். "மகளுக்குக் கல்யாணத்த வச்சுக்கிட்டு இப்ப எதுக்குய்யா கொல்றாய்ங்க?"

அவர்கள் நின்ற இடத்திலிருந்து உங்கள் வீடு அடுத்த தெரு. நீங்கள் முன்பு வேலை பார்த்த துணிக்கடையிலிருந்துகூட மத்தியானத்துக்கு மேல்தான் ஆட்கள் வந்தார்கள். அவர்களும் விளம்பரம் என்றே நினைத்தார்களாம். செத்ததையே ஊர் நம்பாத அளவுக்கு நடித்துத் தொலைத்திருக்கிறீர்கள், என்ன சொல்ல?

அந்தத் துணிக்கடையில்தானே எல்லாம் ஆரம்பித்தது. பஞ்சாயத்துக் காட்சிக்கு வேட்டி எடுக்க வந்த உதவி இயக்குநர் உங்கள் முகத்தைப் பார்த்துவிட்டு, நீங்களும் வந்து நில்லுங்கள் என்று கூப்பிட்டார். "வேட்டி வாங்க வந்தவன், மடிச்சுக் குடுத்தவனையும் சேத்துப் பொட்டலம் கட்டிட்டான்" என்று நீங்கள் சொல்லாத நாள் இல்லை. அன்றிலிருந்து மாமா, சித்தப்பா, ஏட்டு, கணக்குப்பிள்ளை, ஊர்ப் பெரியவர். மதுரையைச் சுற்றி எந்த ஊரில் கேமராவை வைத்தாலும் அதன் ஓரத்தில் நீங்கள் நின்றீர்கள். கதாநாயகன் அரிவாளைத் தூக்கும்போது "வேணாம்டா தம்பி" என்று கையைப் பிடிக்கிற ஆள் நீங்கள்தான். அந்தக் கையை அவன் உதறிவிட்டுத்தான் போவான். உதறாவிட்டால் படம் ஏது?

டவுன் பஸ்ஸில் உங்களை எல்லோருக்கும் தெரியும், யாரென்றுதான் தெரியாது. "அண்ணே, நீங்க மேலூர் பேங்க்ல இருந்தீகள்ல?" என்று ஒருவர் கேட்பார். "ஆமாண்ணே, நல்லா இருக்கீகளா? பிள்ளைக என்ன பண்ணுது?" என்று நீங்கள் குடும்பக் கதையே பேச ஆரம்பித்துவிடுவீர்கள். ஏன் இப்படிப் பொய் சொல்கிறீர்கள் என்று கேட்டால், "நான் நடிகன்னு சொன்னா எந்தப் படம்னு கேப்பாரு. சொன்னா, அதுல நீங்க எங்க வாரீகன்னு கேப்பாரு. எதுக்கு அந்த வம்பு?" என்பீர்கள்.

அதில்தான் உங்கள் தீராத கோபம் இருந்தது. நீங்கள் நடித்த ஆட்கள் யாரும் இடைவேளையைத் தாண்டியதில்லை. செத்துப் போனாலாவது பரவாயில்லை, ஒரு மரியாதை. அதுவும் கிடையாது. சும்மா காணாமல் போவார்கள். ஒரு படத்தில் கதாநாயகியின் அப்பாவே நீங்கள்தான். அவள் கல்யாணத்தில் நீங்கள் இல்லை. போய் இயக்குநரிடம் கேட்டீர்கள். "யாருண்ணே இதையெல்லாம் கேக்கப் போறா?" என்றார் அவர். "நான் கேக்குறேன்" என்றீர்கள். அதற்குப் பிறகு அவர் உங்களைக் கூப்பிடவே இல்லை.

கேட்டுப் பயனில்லை என்று தெரிந்த பிறகு நீங்களே செய்ய ஆரம்பித்தீர்கள். படப்பிடிப்பு முடிந்து ஒத்தக்கடையிலிருந்து பஸ்ஸில் திரும்பும்போது, காணாமல் போனவர்கள் எல்லோரும் எங்கே போனார்கள் என்று ஒவ்வொருவராகச் சொல்லிக்கொண்டு வருவீர்கள். கதாநாயகனை லாக்கப்பில் போட்டு அடித்த ஏட்டு உசிலம்பட்டிக்கு மாற்றலாகிப் போய், அங்கேயே ஓய்வு பெற்று, ஆடு வளர்க்கிறார். அந்தப் பையனை அடித்தது இன்றைக்கும் அவருக்கு உறுத்துகிறது, ஆட்டைக்கூட அதட்ட மாட்டார். அக்கா மகளைத்தான் கட்டுவேன் என்று ஒரு பாட்டு முழுக்கச் சபதம் போட்ட தாய்மாமன், திருப்பூருக்குப் போய் பனியன் கம்பெனியில் சேர்ந்து, புருசனை இழந்த ஒருத்தியைக் கட்டிக்கொண்டார். அவள் பிள்ளை இவரை அப்பா என்று கூப்பிட ஆரம்பித்த அன்றைக்கு அந்தச் சபதம் சுத்தமாக மறந்துபோனது. நான் வாயைப் பிளந்துகொண்டு கேட்பேன். சிம்மக்கல்லில் இறங்க மறந்து, பெரியார் நிலையம் வரைக்கும் போய் நடந்து திரும்பியிருக்கிறேன்.

அந்தத் தலைமையாசிரியர் ஒருவரைத்தான் உங்களால் கரையேற்ற முடியவில்லை. பழைய தொடர் ஒன்றில், மனைவிக்கு மாத்திரை எடுத்து வருகிறேன் என்று மாடிக்குப் போனார். அடுத்த நாளே கதையை மாற்றிவிட்டார்கள். தொடர் முடியும் வரைக்கும் அவர் இறங்கவே இல்லை. "பேச்சி, அந்த ஆளு இன்னும் மாடியிலதான் இருக்காரு. பசிக்காதா அவருக்கு?" என்று நீங்கள் கேட்டபோது நான் சிரித்தேன், நீங்கள் சிரிக்கவில்லை. கடைசி நாளில், விளக்கையெல்லாம் கழற்றி வண்டியில் ஏற்றிக்கொண்டிருக்கும்போது நீங்கள் அந்த வீட்டு மாடிக்குத் தனியாக ஏறிப் போனீர்கள். கொஞ்ச நேரம் கழித்து, கையில் ஏதோ மாத்திரையை வைத்திருப்பது போல மூடிக்கொண்டு, படிப்படியாக இறங்கி வந்தீர்கள். "எறக்கி விட்டுட்டேன். வா, பஸ்ஸப் பிடிப்போம்."

ஏன் இதெல்லாம் என்று ஒரு தடவை கேட்டேன். ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே சொன்னீர்கள்: "ஒரு மனுசன் வீட்ட விட்டுப் போனா, எங்க போனான்னு கேக்க ஒரு ஆளு வேணும்ல?"

இப்போது அந்தக் கேள்வி என் தலையில் விழுந்திருக்கிறது.

உங்களுடைய கடைசிக் காட்சி உங்களுக்கு ஞாபகம் இருக்கும். மகளுக்குக் கல்யாணம் நிச்சயமாகிவிட்டது. கருப்பையா பத்திரிகையைத் துணிப்பையில் வைத்துக்கொண்டு, "கல்லுப்பட்டியில தங்கச்சிக்கு மொத பத்திரிகைய வச்சுட்டு வாரேன்" என்று என்னிடம் சொல்லிவிட்டு வாசலைத் தாண்டுகிறார். அன்றைக்கு அதோடு முடித்தார்கள். மறுநாள் உங்களுக்கு வேலை இல்லை. காய்கறி வாங்கிக்கொண்டு வீட்டுக்கு வந்தவர், செருப்பைக் கழற்றிவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தீர்கள், அவ்வளவுதான். மதினி தண்ணீர் எடுத்து வருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

காரியம் எல்லாம் முடிந்து நான் படப்பிடிப்பு நடக்கும் ஒத்தக்கடை பங்களாவுக்குப் போனேன். நம் இயக்குநர் அருண் தம்பி என்னைத் தனியாகக் கூப்பிட்டு உட்கார வைத்தார். நல்ல பிள்ளைதான், உங்களுக்காக இரண்டு சொட்டுக் கண்ணீரும் விட்டார். பிறகு, "அக்கா, ஒண்ணும் பிரச்சினை இல்ல. 'இவருக்குப் பதில் இவர்'னு ஒரு கார்டு போட்ருவோம். அம்புட்டுத்தான்" என்றார்.

அந்தக் கார்டை நாம் எத்தனை தடவை பார்த்துச் சிரித்திருக்கிறோம்! இந்தப் பக்கம் பழைய முகம், அந்தப் பக்கம் புது முகம், நடுவில் ஒரு கோடு. மறு நொடி வீட்டில் உள்ள எல்லோரும் ஒன்றுமே நடக்காத மாதிரி புது ஆளை அப்பா என்று கூப்பிடுவார்கள். மற்றவர்களுக்கு நடந்தபோது எனக்கும் சிரிப்புத்தான். இந்த முறை சிரிப்பு வரவில்லை.

"தம்பி, அவரு செத்துப்போயிட்டாரு. கருப்பையாவும் செத்துட்டாருன்னு கதையில வைங்க. நாங்க அழுதுக்கிறோம்" என்றேன்.

"எப்படிக்கா? கல்யாணக் கதை ஓடிட்டிருக்கு. மண்டப செட்டு போட்டாச்சு. இப்ப அப்பா செத்தா ஒரு வருசம் வீட்ல நல்லது பண்ண முடியாது. சேனல்ல ஒத்துக்கவே மாட்டாங்க. கார்டு பிடிக்கலைன்னா, கல்லுப்பட்டிக்குப் போனவரு அப்படியே அங்க ஒரு வேலையா தங்கிட்டாருன்னு விட்ருவோம். யாருக்கா கேக்கப் போறா?"

அதே வார்த்தை, அண்ணே. எனக்குச் சுர்ரென்று ஏறியது. பதில் சொல்வதற்குள் உள்ளேயிருந்து ஒருவர் வந்தார். உங்கள் பட்டுச் சட்டையைப் போட்டிருந்தார். தோளில் நிற்காமல் தொங்கியது. திண்டுக்கல் பக்கத்து நாடக நடிகர், குருசாமி என்று பெயர். ரொம்ப நாளாக வேலை இல்லாமல் இருந்தவர் என்பதை முகமே சொன்னது. நேராக என்னிடம் வந்து கையெடுத்துக் கும்பிட்டார்.

"தங்கச்சி, நானாக் கேட்டு வரல. கூப்புட்டாய்ங்க, வந்தேன். சட்டைய மட்டும் மாத்தித் தரச் சொல்லும்மா. காலர்ல அவரு வேர்வை இன்னும் இருக்கு."

அவர் மேல் எப்படிக் கோபப்படுவது? அவர் பிழைப்பும் நம் பிழைப்பும் ஒன்றுதானே. அவரைத் துரத்திவிட்டு உங்களுக்கு மரியாதை செய்தால் அதை நீங்களே ஏற்றுக்கொள்ள மாட்டீர்கள். ஆனால் அந்தச் சட்டைக்குப் பக்கத்தில் நின்று "என்னங்க, கல்லுப்பட்டியில எல்லாரும் சௌக்கியமா?" என்று கேட்க என்னால் முடியாது. இன்றைக்கு நான் நடிக்கவில்லை என்று சொல்லிவிட்டேன்.

அருண் தலையைக் குனிந்துகொண்டே சொன்னார்: "அக்கா, கோவிச்சுக்காதீங்க. நீங்க அடம் பிடிச்சா, ஒங்களுக்கும் பதில் ஆள் போடுன்னு சொல்லுவாங்க. அப்ப நான் என்ன பண்ணுவேன்? நாளன்னிக்கு காலையில முடிவச் சொல்லிருங்க."

இந்தத் தொடரை நம்பித்தான் என் வீட்டில் அடுப்பு எரிகிறது என்பது உங்களுக்குத் தெரியும். இந்த வயதில் என்னை வெளியே அனுப்பினால் திரும்ப யார் கூப்பிடுவார்கள்? கோடு போட்ட கார்டில் என் முகம் இந்தப் பக்கம் வந்தால், அதோடு என் கதையும் முடிந்தது. பயமாகத்தான் இருந்தது. ஆனால் பஸ்ஸில் உட்கார்ந்து யோசித்தபோது ஒன்று தெளிவாகத் தெரிந்தது. கருப்பையா எங்கே போனார் என்று கேட்காமல் இந்தத் தொடரில் இனி ஒரு நாள்கூட நிற்க மாட்டேன்.

கேட்பதற்கு முன்னால் அனுமதி வாங்க வேண்டிய ஒரு ஆள் இருந்தார். நேராகப் பழங்காநத்தத்துக்குப் போனேன்.

செண்பகம் மதினி டிவியைப் போட்டுவிட்டு உட்கார்ந்திருந்தார். ஏற்கெனவே எடுத்து வைத்த பகுதிகள் இன்னும் ஓடிக்கொண்டிருக்கின்றன என்பதை நான் யோசிக்கவே இல்லை. திரையில் நீங்கள் சம்மணம் போட்டு இட்லி சாப்பிட்டுக்கொண்டிருந்தீர்கள். நான் பரிமாறிக்கொண்டிருந்தேன். மதினி என்னைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் கேட்டார்: "ஏத்தா பேச்சி, இன்னொன்னு வச்சா என்ன கொறஞ்சா போயிருவ? ஒண்ண வச்சுட்டுத் தட்டத் தூக்கிர்றியே?"

"அண்ணனுக்கு அதுக்கு மேல வசனம் இல்ல மதினி."

"வசனம் இல்லைன்னா பசி இருக்காதா?"

நிகழ்ச்சி முடிந்ததும் அருண் சொன்னதையும் நான் வந்த விஷயத்தையும் சொன்னேன். கருப்பையாவை முறையாகச் சாக விட வேண்டும், அவருக்காக அந்த வீடு அழ வேண்டும், அதற்காகச் சண்டை போடப் போகிறேன் என்றேன். மதினி சந்தோசப்படுவார் என்று நினைத்திருந்தேன். அவர் முகம் மாறிவிட்டது.

"வேணாம். இந்த வீட்ல ஒரு தடவ தூக்குனது போதும். டிவியிலயும் தூக்கணுமா? மாலையப் போட்ட போட்டோவப் பாத்துக்கிட்டு நீ தாலிய அறுப்ப, அத நான் ஒக்காந்து பாக்கணுமா?" குரல் உடைந்தது. "அவுக கல்லுப்பட்டிக்குப் பத்திரிகை வைக்கப் போறதா வருதாம்ல, ஒங்க மேக்கப் பொண்ணு சொல்லுச்சு. போகட்டும். போயிக்கிட்டே இருக்கட்டும். பஸ்ல இருக்காக, வந்துருவாகன்னு நெனச்சுக்குறேன். ஒனக்கு அதுல என்ன நட்டம்?"

உங்களுக்காக நான் கட்டிக்கொண்டு வந்த சண்டை, உங்கள் வீட்டு வாசலிலேயே செல்லுபடியாகவில்லை. எழுந்து வந்திருக்கலாம். ஆனால் மாடியில் மாட்டிக்கொண்ட தலைமையாசிரியர் ஞாபகத்துக்கு வந்தார். "மதினி, ஒண்ணு சொல்லவா?" என்று கேட்டுவிட்டு அவரைப் பற்றிச் சொன்னேன்.

கையை மூடிக்கொண்டு நீங்கள் படியிறங்கி வந்த இடத்தில் மதினி சிரித்துவிட்டார். நீங்கள் போன பிறகு அவர் சிரித்து அன்றைக்குத்தான் பார்த்தேன். சிரிப்பு முடிந்ததும் கோபம் வந்தது. "இம்புட்டுக் கதையும் பஸ்ல ஒங்கிட்டச் சொல்லிருக்காரு. வீட்டுக்கு வந்தா 'சோறு போடு'ன்னு ஒரே வசனம். என்ன மனுசன்! சொல்லு, மத்ததையும் சொல்லு." ஏட்டையும் தாய்மாமனையும் கணக்குப்பிள்ளையையும் ஒவ்வொருவராக அழைத்து வந்து அவர் முன்னால் நிறுத்தினேன். உசிலம்பட்டி ஆடுகளுக்கு என்ன பெயர் என்றுகூட மதினி கேட்டார். அது எனக்குத் தெரியவில்லை அண்ணே, நீங்கள் சொன்னதில்லை.

எல்லாம் கேட்டுவிட்டு மதினி டிவியை அணைத்தார். பிறகு, "நீ சொல்றதப் பாத்தா, கருப்பையாவ பஸ்லயே விட்டா ஒங்கண்ணன் எங்கிட்டத்தான் சண்டைக்கு வருவாரு போல" என்றார்.

"ஆமா மதினி."

"கல்யாணம் நின்னுபோகும்னா அந்தத் தம்பி சொல்லுது? எங்கப்பா செத்த மறுமாசந்தான் ஒங்கண்ணன் எனக்குத் தாலி கட்டுனாரு. நிச்சயம் பண்ணினத நிறுத்தக் கூடாதுன்னு பெரியவுகல்லாம் சொல்லிட்டாக. மணையில ஒக்காந்ததும் எனக்கு எங்கப்பா ஞாபகம் வந்துருச்சு. அழுகைன்னா அழுகை. கெட்டிமேளம் அடிச்சு அடிச்சு மேளக்காரருக்குக் கையே ஓஞ்சுபோச்சு. ஒங்கண்ணன் தாலியக் கையில வச்சுக்கிட்டு அப்படியே இருக்காரு. ஐயரு அவசரப்படுத்துறாரு. 'அது அழுது முடிக்கட்டும் சாமி, நான் இருக்கேன்'ங்குறாரு. நல்ல நேரம் முடியப் போற நேரத்துக்குத்தான் தாலி ஏறுச்சு."

இத்தனை வருசத்தில் இதை எனக்கு நீங்கள் சொல்லவே இல்லை. யாரோ எழுதிய கருப்பையாக்களை எல்லாம் பஸ்ஸில் அழைத்துக்கொண்டு வந்தீர்கள், உங்களை மட்டும் இறக்கிவிட்டுவிட்டு வந்திருக்கிறீர்கள். எனக்கு மதினி மேல் கொஞ்சம் பொறாமையாகக்கூட இருந்தது.

மதினி இரண்டு நிபந்தனை போட்டார். மாலை போட்ட படத்தைக் காட்டக் கூடாது. நான் தாலியைக் கழற்றும் காட்சி வரக் கூடாது. "சேதி வரட்டும். நீ அழு. அம்புட்டுப் போதும்" என்றார். சரி என்று கையடித்துக் கொடுத்துவிட்டு வந்தேன்.

சொன்ன நாளில் காலையிலேயே ஒத்தக்கடைக்குப் போய்விட்டேன். அருண் தம்பியிடம் மதினியின் கல்யாணக் கதையைச் சொன்னேன். அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். அவருக்குக் கல்யாண மண்டபமும் மிஞ்சியது, அதில் ஒரு அழுகையும் கிடைத்தது. ஆனாலும், "புது அப்பாவா ஒருத்தர வரச் சொல்லிட்டேனேக்கா, அவர என்ன பண்றது?" என்று இழுத்தார்.

"கல்லுப்பட்டித் தங்கச்சிக்குப் புருசன் வேணாமா? அவருதான் சேதி கொண்டுவரணும். அவருதான் கல்யாணத்துல அப்பா எடத்துல நிக்கணும். அவருக்குன்னு ஒரு பேரு வைங்க, ஒரு சட்டை தைங்க. பாதியில காணாமப் போகாத ஆளா எழுதுங்க" என்றேன். ஓரமாக நின்றிருந்த குருசாமி அண்ணன் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

அருண் சேனலுக்குப் பேசப் போனார். நான் வாசலில் நாற்காலியைப் போட்டு யானைமலையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தேன். போனவர் வந்து, சாவைக் காட்டலாம், ஆனால் மாலை போட்ட படம் முன்னோட்டத்தில் வந்தே ஆக வேண்டும் என்கிறார்கள் என்றார். முடியாது என்றேன். மறுபடி போனார். வந்து, நான் பொட்டை அழிக்கிற மாதிரி ஒரு ஷாட்டாவது வேண்டும் என்கிறார்கள் என்றார். அதுவும் முடியாது, வேண்டுமானால் எனக்குப் பதில் ஆளைப் போட்டுக்கொள்ளுங்கள், கார்டில் என் படத்தை மட்டும் நன்றாகப் போடுங்கள் என்றேன்.

மூன்றாவது முறை அவர் திரும்பி வந்தபோது வெயில் தலைக்கு மேலே ஏறியிருந்தது. "சரின்னுட்டாங்க. ஆனா ஒரே ஒரு எபிசோட்தான்க்கா. அதுக்கு மேல அழக் கூடாது, கதை நகரணும்."

ஒரு நாள் போதும் அண்ணே. உங்கள் ஆட்களில் யாருக்கும் கிடைக்காத ஒரு நாள்.

கதையை இப்படி எழுதியிருக்கிறார்கள். கருப்பையா கல்லுப்பட்டிக்குப் போய்ச் சேர்ந்துவிட்டார். தங்கச்சி கையில் முதல் பத்திரிகையை வைத்துவிட்டார். "மகள் கல்யாணத்துக்கு எல்லாரும் முந்துன நாளே வந்துரணும்" என்று சொல்லிவிட்டு, அங்கே மரத்தடியில் உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. போன வேலையை முடித்துவிட்டுத்தான் போயிருக்கிறார். மதினியிடம் வாசித்துக் காட்டினேன். "பஸ்ல விடல, எறக்கிட்டீக. சரி" என்றார். முடிவில் உங்கள் சொந்தப் பெயரைத் திரையில் நின்று வாசிக்கிற அளவுக்கு வைத்திருக்க வேண்டும் என்றும் கேட்டிருக்கிறேன். பார்க்கலாம் என்கிறார் அருண். பார்க்கலாம் என்பதை நான் விடப்போவதில்லை.

ஒரே எபிசோட் என்று அவர்கள் சொல்லிக்கொள்ளட்டும். தொடர் ஓடுகிற வரைக்கும் நான் கருப்பையாவின் பெண்டாட்டி. சோறு போடும்போது, கதவைச் சாத்தும்போது, பேரன் பிறக்கிற கதை வந்தால் அப்போதும், வசனத்தில் இருந்தாலும் இல்லாவிட்டாலும், "அவரு இருந்தா" என்று ஒரு வார்த்தை சொல்லிக்கொண்டே இருப்பேன். வெட்டினால் மறுநாளும் சொல்வேன். வெட்டுகிறவருக்கு ஒரு நாள் சலித்துப்போகும், எனக்குச் சலிக்காது. இது உங்களுக்கு நான் கொடுக்கும் வாக்கு.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். நீங்கள் போன அன்றைக்கு உங்கள் வீட்டில் நான் அழவில்லை. நீங்கள் கவனித்திருந்தால் வருத்தப்பட்டிருப்பீர்கள். உள்ளே நுழைந்ததும் கதறத்தான் வாயெடுத்தேன். அதற்குள் எனக்குப் பின்னால் ஒரு பெண் கைபேசியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, "சீரியல்ல அழுகுற மாதிரியே அழுகுதான்னு பாப்போம்" என்று பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னாள். அழுதால் நடிப்பு என்பார்கள், அதுவும் உங்களுக்கு முன்னால். பல்லைக் கடித்துக்கொண்டு சுவரோரமாக உட்கார்ந்திருந்துவிட்டுத் திரும்பினேன். இதுவரைக்கும் அழவில்லை.

நாளைக் காலையில் படப்பிடிப்புக்கு வண்டி வருகிறது. குருசாமி அண்ணன் வாசலில் வந்து நின்று சேதி சொல்வார். அந்த இடத்தில்தான், கேமராவுக்கு முன்னால், ஊரே பார்க்க, உங்களுக்காக அழப்போகிறேன். கண்ணீர் வரக் கண்ணில் போடும் மருந்து வேண்டாம் என்று மேக்கப் பொண்ணிடம் சொல்லிவிட்டேன். என்னமாய் நடிக்கிறாள் என்று எல்லோரும் சொல்லட்டும். அருண் தம்பி 'கட்' சொன்னாலும் நான் நிறுத்த மாட்டேன், அண்ணே.

இப்படிக்கு,
திரையில் உங்களுக்கு வாழ்க்கைப்பட்டு, தரையில் உங்களோடு பிறக்காமல் பிறந்த தங்கச்சி,
பேச்சியம்மாள்